கூட்டுக்குடும்பத்தின் ஒரே ஆள்

அந்தக் குடியிருப்பின் இரண்டாம் மாடியில், படியேறியதும் இடப்பக்கம் இருக்கிற வீட்டுக்குக் 'கூட்டுக்குடும்பம்' என்று பெயர். வைத்தவர்கள் கீழ்வீட்டுக்காரர்கள். சாயங்காலம் ஆனால் போதும், அந்த வீட்டில் ஒரு கிழவர் இருமுவார், ஒரு மருமகள் எதிர்த்துப் பேசுவாள், ஒரு போலீஸ்காரர் அதட்டுவார், யாரோ ஒருத்தி விசும்புவாள். உள்ளே எள் போட்டால் எள் விழாத கூட்டம் என்றுதான் யாரும் நினைப்பார்கள். கதவைத் தட்டினால் வெளியே வருவது ஒரே ஓர் ஆள். ஐம்பதைத் தாண்டிய பெண்மணி, கழுத்தில் கயிறு கட்டித் தொங்கவிட்ட ஸ்டாப் வாட்ச், கையில் ஒரு நாடகப் புத்தகம். குடும்பம் மொத்தமும் அவ்வளவுதான்.

அலுவலகத்தில் அவளுக்கு வாசிப்பக்கா என்று பெயர். அவளைவிடப் பத்து வயது மூத்த பதிப்பாசிரியருக்கும் அவள் அக்காதான், டீ கொண்டுவருகிறவருக்கும் அக்காதான். ஊரெல்லாம் தம்பி தங்கை. வீட்டுக்குப் போனால் 'சாப்பிட்டியா' என்று கேட்க ஒரு நாதி கிடையாது.

அவள் பார்த்த வேலை என்ன என்று முதலில் சொல்லிவிடுகிறேன், இல்லையென்றால் அவளைப் பைத்தியம் என்று நினைத்துவிடுவீர்கள். பலர் நினைத்தார்கள். அந்தப் பதிப்பகம் நாடகக் குழுக்களுக்காகவே ஒரு கையேடு போடுகிறது. தலையணை சைஸ் புத்தகம், அதற்கு மாதாமாதம் ஒரு இணைப்பு வேறு. பள்ளிக்கூடத்து வாத்தியார், தொழிற்சாலை மன்றத்துக்காரர்கள், தெரு இளைஞர் குழு என்று யாருக்கு நாடகம் போடும் ஆசை வந்தாலும் அதைத்தான் புரட்டுவார்கள். ஒவ்வொரு நாடகத்துக்கும் ஒரு குறிப்பு இருக்கும். எத்தனை ஆண், எத்தனை பெண், மேடையில் என்னென்ன சாமான் வேண்டும், கதை என்ன, எவ்வளவு நேரம் ஓடும். முடிவை மட்டும் போடமாட்டார்கள். முடிவைச் சொல்லிவிட்டால் எவன் காசு கொடுத்து நாடகத்தை வாங்குவான் என்று கையேட்டைத் தொடங்கிய மனிதர் கேட்டாராம். அவர் போய்ச் சேர்ந்து எத்தனையோ காலம் ஆகிறது, அவர் சொன்னது மட்டும் போகவில்லை.

எவ்வளவு நேரம் ஓடும் என்பதைக் கண்டுபிடிப்பதுதான் வாசிப்பக்காவின் வேலை. பக்கத்தை எண்ணிக் கணக்குப் போட்டால் வராது. எல்லாப் பாத்திரத்தையும் அந்தந்தக் குரலில் வாய்விட்டு வாசிக்கவேண்டும். 'குடத்திலிருந்து தண்ணீர் ஊற்றிக் குடிக்கிறார்' என்று போட்டிருந்தால் எழுந்துபோய் ஊற்றிக் குடிக்கவேண்டும். 'அழுகிறாள்' என்று இருந்தால் அழுது முடிக்கிற நேரம் அழவேண்டும். எல்லாவற்றையும்விடக் கஷ்டம் 'மௌனம்' என்று போட்டிருக்கும் இடங்கள். கத்துவதற்கு ஒரு கணக்கு உண்டு, சும்மா இருப்பதற்கு என்ன கணக்கு?

இன்னொரு விதியும் உண்டு. முதல் வாசிப்பிலேயே நேரத்தைக் குறித்துவிடவேண்டும், கடைசிப் பக்கத்தை முன்னால் பார்த்துவிடக் கூடாது. முடிவு தெரிந்த வாய் ஓடும் என்பார்கள் அந்த அலுவலகத்தில். அவளுக்கு வேலை சொல்லிக்கொடுத்தவரும் அதைத்தான் சொன்னார், அவளும் இந்தக் கதை நடந்த நாள் வரை ஒரு நாடகத்துக்குக்கூட அதை மீறியதில்லை.

அலுவலகத்தில் உட்கார்ந்து இதைச் செய்ய முடியுமா? செய்து பார்த்தாள். அவள் கொலைகாரனாக மாறிய அன்று எதிர் மேசைக்காரர் மைக்கூட்டைக் கவிழ்த்துவிட்டார். "அக்கா, உங்களுக்குக் கோடி புண்ணியமா போகும், இதை வீட்டுக்கு எடுத்துட்டுப் போயிடுங்க," என்று பதிப்பாசிரியர் கும்பிட்டார். அன்றிலிருந்து காலையில் அலுவலகத்தில் குறிப்பு எழுதுவது, சாயங்காலம் வீட்டில் வாசிப்பது.

அந்த வீடு ஒரு அறை, ஒரு சமையலறை. அறையின் இரண்டு பக்கமும் அலமாரி. கையேட்டின் பழைய பதிப்புகள், மேடைச் சொற்களுக்கு ஒரு அகராதி, நடிகர்களின் வாழ்க்கைக் குறிப்புகள், ஒப்பனைக்கும் விளக்குக்கும் தனித்தனிப் புத்தகங்கள். படுக்கப்போகுமுன் அவற்றில் ஒன்றை எடுத்து எங்கேயாவது பிரித்துப் படிப்பாள். யாரோ ஒரு நடிகை எந்த வருஷம் எந்த வேடம் கட்டினாள் என்று படித்துக்கொண்டே தூங்கிப்போவாள். பக்கத்தில் யாராவது படுத்துக்கொண்டு ஊர்க்கதை பேசினால் எப்படியிருக்குமோ அப்படி இருந்தது அவளுக்கு அது.

கல்யாணம் ஏன் ஆகவில்லை என்று கேட்பீர்கள். அதில் பெரிய கதை இருக்கும் என்று நினைக்காதீர்கள். அம்மா படுக்கையில் கிடந்தாள், பார்த்துக்கொள்ள ஆள் வேண்டியிருந்தது, அம்மா போனபோது வயதும் போயிருந்தது. அண்ணன் வேறு ஊரில். விடுமுறை நாளில் போன் வரும். "சாப்பிட்டியா? உடம்பு நல்லா இருக்கா? அண்ணி கேட்டதாச் சொன்னா. சரி, வெச்சிடறேன்." இந்தப் பேச்சுக்கு ஸ்டாப் வாட்ச்சை அழுத்திப் பார்க்கலாமா என்று அவளுக்குப் பலமுறை தோன்றியதுண்டு. அழுத்தியதில்லை. எவ்வளவு நேரம் என்று தெரிந்துவிடுமே என்ற பயம்.

நாடகம் பார்க்கப் போகலாமே என்றால், இலவச அனுமதிச் சீட்டு மேசையில் வந்து குவியும், போகமாட்டாள். ஒரு முறை போனாள். மேடையில் அவர்கள் பேசப் பேச இவள் உதடும் அசைந்திருக்கிறது. "அம்மா, நான் அவங்க பேசறதைக் கேக்க வந்தேன், நீங்க பேசறதை இல்ல," என்றார் பக்கத்து இருக்கைக்காரர். அத்தோடு சரி.

இப்படி ஓடிக்கொண்டிருந்த காலத்தில்தான் பக்கத்து வீட்டுக்கு ஒரு பஸ் டிரைவர் மனைவியோடு குடிவந்தார். பிள்ளை குட்டி இல்லை. அந்த அம்மா தையல் மிஷின் வைத்துப் பிழைத்தவள், முதுகுத்தண்டில் வந்த நோயால் படுத்த படுக்கையாகிவிட்டாள். அவளுடைய கட்டிலை எங்கே போட்டார்கள்? சரியாக வாசிப்பக்காவின் நாற்காலிக்குப் பின்னால் இருக்கிற சுவரை ஒட்டி. சுவரா அது, அப்பளம். சுவருக்கும் காது உண்டு என்பார்கள், அந்தச் சுவருக்கு அன்றைக்குத்தான் காது முளைத்தது. அது வாசிப்பக்காவுக்குத் தெரியாது.

ஒரு சாயங்காலம் கதவு தட்டப்பட்டது. குடியிருப்புச் சங்கத் தலைவர் முன்னால் நிற்கிறார், டிரைவர் அவருக்குப் பின்னால்.

"தப்பா எடுத்துக்காதீங்கம்மா," என்று தலைவர் தொண்டையைச் செருமினார். "உள்ள ஆம்பளை யாராவது இருக்காங்களா?"

"இல்லையே, ஏன் கேக்குறீங்க?"

"இன்னைக்கு எனக்கு லீவு, இப்பத்தாங்க கேட்டுச்சு," என்றார் டிரைவர். "'உன்னை இந்த வீட்டுல வாழவிட மாட்டேன்'னு ஒரு ஆளு கத்தினான். ரெண்டு நாளா இதே கூத்து. அந்தப் பொண்ணை அடிச்சுக் கொல்லப்போறான், யாராவது போய்க் காப்பாத்துங்கன்னு வீட்டுல என் உயிரை வாங்குறா."

வாசிப்பக்காவுக்கு முகம் சிவந்துவிட்டது. "அது நாந்தாங்க."

"எது?"

"கத்தினவன்."

"அப்ப அழுதது?"

"அதுவும் நாந்தான்."

தலைவர் டிரைவரைப் பார்த்தார், டிரைவர் தலைவரைப் பார்த்தார். "அப்ப காப்பாத்த வேண்டிய அந்தப் பொண்ணு?" என்றார் தலைவர், குரலை இறக்கி.

"அதுவும் நாந்தாங்க. வேலைங்க இது. நாடகம்." புத்தகத்தைக் காட்டினாள். அவர்கள் முகத்தில் நம்பிக்கை வரவில்லை. சரி போ என்று வாசற்படியிலேயே நின்று நாடகத்தில் மருமகளை மிரட்டுகிற மில்லுக்காரர் குரலில் ஒரு வரி எடுத்துவிட்டாள். தலைவர் இரண்டு படி கீழே இறங்கிவிட்டார். பிறகு மூன்று பேரும் சிரித்தார்கள். டிரைவர் மன்னிப்புக் கேட்டுக்கொண்டு போனார்.

கதவைச் சாத்திய பிறகு அவளை வெட்கம் பிடுங்கித் தின்றது. இத்தனை வருஷமாக ஊர் கேட்டுக்கொண்டிருக்கிறது. மில்லுக்காரர் கத்தியதைக் கேட்டால் கேட்டுவிட்டுப் போகட்டும். அழுததை? 'அழுகிறாள்' என்று அச்சடித்திருக்கும் இடம் வரும்போது தன்னுடைய அழுகையையும் அதோடு சேர்த்து அழுது தீர்த்துக்கொள்வது அவள் வழக்கம். தனியாக உட்கார்ந்து அழுதால் மனசு கேட்குமே, எதற்கு அழுகிறாய் என்று. நாடகத்துக்காக அழுதால் யாரும் கேட்கமாட்டார்கள் என்று இருந்தாள். கேட்டுவிட்டார்கள்.

அன்றோடு வாயை மூடிக்கொண்டாள். கண்ணாலேயே படித்து, உத்தேசமாக நேரம் போட்டாள். அவள் வாழ்க்கையிலேயே செய்த ஒரே திருட்டு அதுதான். கண் குதிரை, வாய் மாடு. ஒன்றரை மணி நேரம் என்று அவள் போட்ட நாடகம் ஒன்றை நம்பி, ஒரு குழு மேடையேற்றியது. அது இழுத்தது இழுத்தது, கடைசி பஸ் போய்விடும் என்று பாதிச் சனம் எழுந்து போய்விட்டதாம்.

"வில்லன் திருந்துறதுக்குள்ள கொட்டகை காலியாம் அக்கா," என்றார் பதிப்பாசிரியர். கோபத்தைவிட ஆச்சரியம்தான் அதிகம் அவர் குரலில். "உங்களுக்கு என்ன ஆச்சு? உடம்பு கிடம்பு சரியில்லையா?"

"தொண்டை கட்டியிருந்துச்சு," என்று வாய் கூசாமல் சொல்லிவிட்டு வந்தாள்.

அந்த வாரம் டிரைவர் மறுபடியும் வந்து கதவைத் தட்டினார். இந்தத் தடவை தலைவர் இல்லை. தலையைச் சொறிந்துகொண்டு நின்றார்.

"ரெண்டு மாசமா சத்தமே காணோம்..."

"இனிமே தொந்தரவு இருக்காது டிரைவர் சார்."

"ஐயோ, அதைத்தான் சொல்ல வந்தேன். தொந்தரவு இல்லன்னு ஒரே தொந்தரவு. நான் ஷிப்டு முடிஞ்சு வர்ற வரைக்கும் அவ கூரையையே பாத்துட்டுக் கெடக்கணும். அந்த மில்லுக்காரன் மருமக என்ன ஆனா, அப்பா வீட்டுக்குப் போனாளா இல்லையான்னு தெனம் கேக்குறா. நான் பஸ் ஓட்டுறவன், எனக்கு என்ன தெரியும்? நீங்க எப்பவும்போலப் படிங்கக்கா. கொஞ்சம் சத்தமாவே படிங்க."

வாசிப்பக்கா அந்த மில்லுக்காரர் நாடகத்தைத் தேடி எடுத்தாள். நேரம் குறித்து முடித்துவிட்ட நாடகத்தை அவள் இரண்டாம் முறை வாசித்தது அதுதான் முதல் தடவை. நாற்காலியைச் சுவர்ப்பக்கம் திருப்பிப் போட்டுக்கொண்டாள். முதல் வரியே தடுமாறியது. எத்தனையோ வருஷமாகக் கொலைகாரனாகவும் ராணியாகவும் கூசாமல் இருந்தவளுக்கு, கேட்க ஒரு ஆள் இருக்கிறாள் என்றதும் எழுத்தைக் கூட்டிக் கூட்டி வாசிக்கவேண்டியிருந்தது. வாசித்து முடித்து, தண்ணீர் குடித்துவிட்டு உட்கார்ந்தபோது சுவரில் 'டக் டக்' என்று கேட்டது. தைக்கும்போது விரலில் மாட்டிக்கொள்வார்களே இரும்புத் தொப்பி, அதனால் தட்டுகிற சத்தம். கேட்டேன், நல்லா இருந்துச்சு என்று அர்த்தம். வேறென்ன அர்த்தம் இருக்க முடியும்?

அதற்குப் பிறகு தினமும் அந்த 'டக் டக்' வந்தது. வாசித்து முடித்ததும் அதற்காகக் காத்திருப்பாள். வந்ததும் எழுந்து சமைக்கப் போவாள். அண்ணன் போன் செய்து "வெச்சிடறேன்" என்று சொல்லும்போதெல்லாம் முன்னைப்போல் உறுத்தவில்லை.

ஒரு விடுமுறை நாளில் ஆரஞ்சுப் பழம் வாங்கிக்கொண்டு நேரிலேயே பார்க்கப் போனாள். போகாமல் இருந்திருக்கலாம். கட்டிலில் கிடந்தவள் மெலிந்த, சிரித்த முகக்காரி. இவளைப் பார்த்ததும் எழுந்திருக்க முயன்று முடியாமல் வெட்கப்பட்டாள். இவள் பழத்தை எங்கே வைப்பது என்று தெரியாமல் கையிலேயே வைத்திருந்தாள். என்ன பேசுவது? அடுத்தவர்கள் எழுதிக்கொடுத்ததைப் பேசிப் பழகிய வாய், சொந்தமாகப் பேச வரவில்லை.

"உங்க குரலுக்கும் உங்க முகத்துக்கும் பொருந்தவே இல்லக்கா," என்றாள் டிரைவர் மனைவி. "நான் நல்லா உயரமா, மீசை வெச்ச மாதிரி நெனைச்சிருந்தேன்."

"மீசை மத்தியானத்துல வெக்கிறதில்ல," என்றாள் வாசிப்பக்கா.

இரண்டு பேரும் சிரித்தார்கள். அப்புறம் மின்விசிறி சுற்றுவதைப் பார்த்தார்கள். "கெட்டவங்கதான் உங்களுக்கு நல்லா வருது," என்றாள் அவள் கொஞ்ச நேரம் கழித்து. "நல்லவங்க பேசும்போது அவசரப்படறீங்க." உண்மை. அதை யாரும் அவளிடம் சொன்னதில்லை. விடைபெற்று வந்து தன் நாற்காலியில் உட்கார்ந்ததும் சுவரில் 'டக் டக்' கேட்டது. இவளும் ஸ்டாப் வாட்ச்சின் அடிப்பக்கத்தால் 'டக் டக்' என்று பதிலுக்குத் தட்டினாள். சுவர் இருந்தால்தான் அவர்கள் இருவருக்கும் பேச்சு வந்தது. அப்படியும் ஒரு பழக்கம் உலகத்தில் உண்டு.

பிறகுதான் அந்தக் கதவு நாடகம் வந்தது. எழுதியவர் பெயர் யாருக்கும் தெரியாது, முதல் நாடகமாம். மேடையில் ஒரு கதவு, அவ்வளவுதான் சாமான். பல வருஷத்துக்கு முன்னால் சொல்லாமல் கொள்ளாமல் வீட்டை விட்டுப் போன ஒருவன் திரும்பி வந்து கதவைத் தட்டுகிறான். மனைவி உள்ளே இருக்கிறாள், திறக்கவில்லை. முதல் அங்கம் முழுக்க அவன் வெளியே நின்று பேசுகிறான். இரண்டாவது அங்கத்தில் அக்கம்பக்கத்தார் வந்து இரண்டு பக்கமும் நியாயம் சொல்கிறார்கள், வளர்ந்த மகன் அப்பாவைத் திட்டுகிறான், பிறகு அவனே திறந்துவிடு என்கிறான். அவள் எழுந்து வந்து தாழ்ப்பாளில் கை வைக்கிறாள். திரை.

முதல் நாள் முதல் அங்கம், மறுநாள் இரண்டாவது. 'தாழ்ப்பாளில் கை வைக்கிறாள். திரை' என்று அவள் வாசித்து நிறுத்தியதுதான் தாமதம், சுவரில் டக் டக் டக் டக் என்று மழை. என்ன ஆச்சு, என்ன ஆச்சு என்று கேட்கிற தட்டல். வாசிப்பக்காவுக்குச் சிரிப்பு தாங்கவில்லை. "நாளைக்கு!" என்று சுவரைப் பார்த்துக் கத்தினாள். அவ்வளவு சந்தோஷமாக அவள் அந்த வீட்டில் எப்போதாவது இருந்தாளா என்று தெரியவில்லை.

மறுநாள் காலையில் படிக்கட்டில் டிரைவர் மறித்தார். "அக்கா, நாளைக்கு அவளை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போறேன். என்னென்னமோ சோதனை பண்ணணுமாம், நாலஞ்சு நாள் படுக்க வெச்சாலும் வெப்பாங்களாம். அதுக்குள்ள முடிவை மட்டும் கேட்டுட்டு வரச் சொன்னா. பச்சப் புள்ள மாதிரி அடம்."

"முடிவை நாங்க சொல்றதில்லையே டிரைவர் சார். கையேட்டிலேயே சொல்றதில்ல." விளையாட்டாகத்தான் சொன்னாள். "அதுவுமில்லாம எனக்கே தெரியாது. கடைசிப் பக்கத்தைப் பாக்குற வழக்கம் கெடையாது."

"அப்ப இன்னைக்குப் படிச்சிருவீங்கல்ல?"

"பாக்கலாம், பாக்கலாம்."

அன்று சாயங்காலம் அவள் மூன்றாவது அங்கத்தை எடுத்திருக்கலாம். கையில் எடுக்கவும் எடுத்தாள். பிறகு மனசு ஒரு கணக்குப் போட்டது. இன்றைக்கு முடித்துவிட்டால் முடிந்துபோகும். முடிக்காமல் வைத்தால் அவள் ஆஸ்பத்திரியிலும் இதையே நினைத்துக்கொண்டு கிடப்பாள். என்னையே நினைத்துக்கொண்டு கிடப்பாள். திரும்பி வந்த முதல் நாளே சுவரைத் தட்டுவாள். தன்னை ஒருத்தி எதிர்பார்த்துக்கொண்டு இருக்கவேண்டும் என்கிற ஆசை, வேறொன்றுமில்லை. பசித்தவன் கடைசிக் கவளத்தை ஒதுக்கி வைப்பதுபோல அந்த அங்கத்தை ஒதுக்கிவைத்துவிட்டு, பள்ளிக்கூடப் பிள்ளைகளுக்கான ஒரு சிரிப்பு நாடகத்தை எடுத்து வாசித்தாள்.

சுவர் இரண்டு தடவை தட்டிப் பார்த்தது. 'அது இல்லை, இன்னொன்று' என்கிற தட்டல். "வந்து கேட்டுக்கோங்க!" என்றாள் இவள். "எங்க ஓடிடப்போகுது?" அந்தப் பக்கம் சிரிப்புச் சத்தம் கேட்டது.

அந்த அம்மா திரும்பி வரவில்லை. சோதனைக்குப் போன இடத்தில் காய்ச்சல் வந்து, அது மார்பில் இறங்கி, ஒரு வாரத்தில் எல்லாம் முடிந்துபோயிற்று. குடியிருப்பில் எல்லோரும் போனார்கள். வாசிப்பக்காவும் போய் ஆஸ்பத்திரி வாசலில் கடைசி ஆளாக நின்றாள். அழவில்லை. எங்கே அழவேண்டும் என்று எழுதித் தராமல் அழுது அவளுக்குப் பழக்கமில்லை. நெஞ்சுக்குள் ஒரு கல் இருந்தது, அதைத் தூக்கிக்கொண்டே வீட்டுக்கு வந்தாள். அதற்குப் பிறகு வாசிக்கவே உட்காரவில்லை. கதவு நாடகம் மேசையில், மூன்றாவது அங்கத்தில் ஒரு காகிதத் துண்டு வைத்தபடியே கிடந்தது. இணைப்புக்கு நேரமாகிறது என்று பதிப்பாசிரியர் தினமும் கேட்டுக்கொண்டிருந்தார்.

சில நாள் கழித்துச் சாயங்காலம் டிரைவர் வந்தார். சவரம் செய்யாத முகம்.

"ஒண்ணு கேக்கணும்க்கா. அவ கடைசி வரைக்கும் கேட்டுட்டிருந்தா. கதவைத் தொறந்தாளா?"

வாசிப்பக்கா மேசையில் கிடந்த நாடகத்தைப் பார்த்தாள். "தெரியாது டிரைவர் சார்."

"தெரியாதா?"

"இன்னும் படிக்கல. நான் அன்னைக்கே படிச்சிருக்கணும்," என்றாள். "அவங்க கேட்டாங்க. நாந்தான் வேணும்னே வெச்சுக்கிட்டேன். அவங்க திரும்பி வரட்டும்னு வெச்சுக்கிட்டேன்."

டிரைவர் அவளைத் திட்டியிருக்கலாம். திட்டியிருந்தால் அவளுக்கும் நன்றாக இருந்திருக்கும். "இப்பப் படிங்களேன்," என்றார்.

"உள்ள வந்து உக்காருங்க."

"இல்லக்கா. நான் அந்தப் பக்கம் போறேன். அவ எடத்துல இருந்து கேக்குறேன்."

கட்டில் கிறீச்சிடும் சத்தம் சுவர் வழியாகக் கேட்டது. வாசிப்பக்கா நாற்காலியைச் சுவர்ப்பக்கம் திருப்பினாள். வாசித்தாள். அவசரப்படவில்லை. நல்லவர்கள் பேசும்போதும் அவசரப்படவில்லை. மூன்றாவது அங்கத்தில் கூட்டமெல்லாம் போய்விடுகிறது. கதவுக்கு இந்தப் பக்கம் அவள், அந்தப் பக்கம் அவன். நிறைய மௌனம். கடைசியில் அவள் தாழ்ப்பாளை எடுக்கிறாள், கதவு திறக்கிறது. அத்தனை வருஷமாக மனப்பாடம் செய்து வைத்திருந்த மன்னிப்பெல்லாம் அவனுக்கு மறந்துபோகிறது. 'கொஞ்சம் தண்ணி கெடைக்குமா?' என்கிறான். அவள் போய்க் கொண்டுவந்து கொடுக்கிறாள். அவன் குடிப்பதைப் பார்த்துக்கொண்டு நிற்கிறாள். திரை.

வாசிப்பக்கா புத்தகத்தை மடியில் வைத்துக்கொண்டு காத்திருந்தாள். எதற்குக் காத்திருக்கிறோம் என்று தெரிந்தேதான் காத்திருந்தாள். சுவரில் ஒரு சத்தமும் இல்லை. டிரைவருக்கு அந்தத் தட்டலைப் பற்றித் தெரியாது. அவர் வேலையில் இருக்கிற நேரத்தில் நடந்த பழக்கம் அது.

அப்புறம் கதவு தட்டப்பட்டது. டிரைவரின் கண் நனைந்திருந்தது, ஆனால் சிரிக்கப் பார்த்தார்.

"தொறந்துட்டா பாத்தீங்களா?"

"ம்."

"தொறக்கவே மாட்டான்னு அவ பந்தயம். தொறப்பான்னு நான். தெனம் சோறு ஊட்டும்போது என்கிட்ட கதையைச் சொல்லுவா, அதுல வந்த பந்தயம். தோத்தவங்க ஒரு வாரம் டீ போடணும்." மூக்கை உறிஞ்சிக்கொண்டார். "எப்படியும் டீ நாந்தான் போடணும், அவளால எங்க முடியும்? இருந்தாலும் பந்தயம்னா பந்தயம். நான் ஜெயிச்சுட்டேங்க்கா."

"ஒரு நிமிஷம் இருங்க, நான் டீ போடறேன்," என்றாள் வாசிப்பக்கா.

"வேணாங்க்கா. ஷிப்டுக்குப் போகணும்." படியிறங்கிப் போய்விட்டார். அந்த மாசமே வேறு பணிமனைக்கு மாற்றல் வாங்கிக்கொண்டு வீட்டையும் காலி செய்துவிட்டார். சுவருக்கு அந்தப் பக்கம் இப்போது ஒரு டியூஷன் வாத்தியார் அலமாரி போட்டிருக்கிறார்.

பந்தயத்தைச் சொல்லிவிட்டு அன்று அவர் படியிறங்கியதும் அவள் குறிப்புத் தாளை எடுத்தாள். ஆண் எத்தனை, பெண் எத்தனை, சாமான் ஒரு கதவு, ஒரு செம்பு தண்ணீர். நேரம் என்ற கட்டத்துக்கு வந்து வாட்ச்சைத் திருப்பிப் பார்த்தால் முள் அசையவே இல்லை. அழுத்த மறந்திருக்கிறாள். இத்தனை வருஷ வேலையில் ஒரு நாள் மறந்ததில்லை. உத்தேசமாகப் போட அவளுக்கு மனசு வரவில்லை, ஒரு தடவை திருடியதே போதும்.

மறுபடியும் நாற்காலியில் உட்கார்ந்தாள். வாட்ச்சை அழுத்தினாள். சுவருக்கு அந்தப் பக்கம் யாரும் இல்லை என்று தெரிந்துகொண்டே மூன்றாவது அங்கத்தை முதலிலிருந்து வாசித்தாள். முடிவு தெரிந்த வாய் ஓடவில்லை. அவன் தண்ணீர் கேட்டான், அவள் கொடுத்தாள், குடிப்பதைப் பார்த்துக்கொண்டு நின்றாள். அந்த இடத்தில் 'அழுகிறாள்' என்று எழுதியவர் போடவில்லை. வாசிப்பக்கா அழுதாள். அழுது முடித்து, வழக்கம்போலக் காத்திருந்துவிட்டு, அதற்குப் பிறகுதான் வாட்ச்சை நிறுத்தினாள். அதில் என்ன காட்டியதோ அதைக் கட்டத்தில் எழுதினாள்.

அந்த நாடகத்தைப் போடுகிறவர்கள் இன்றைக்கும் அலுவலகத்துக்குப் போன் செய்கிறார்கள். கையேட்டில் இருக்கிற நேரத்துக்கு முன்னாலேயே எங்களுக்கு முடிந்துவிடுகிறதே, எங்காவது வசனத்தை விட்டுவிட்டோமா என்று கேட்கிறார்கள். பதிப்பாசிரியர் போனை வாசிப்பக்காவிடம் கொடுத்துவிடுவார்.

"எதையும் விடல, நீங்க சரியாத்தான் போடறீங்க," என்பாள் அவள். "முடிஞ்சதும் கொஞ்ச நேரம் சும்மா இருக்கணும். அதையும் சேத்துதான் போட்டிருக்கேன்."